அறுபத்தோராம் பக்கத்தில் செத்துப்போன சிவம் அண்ணை

போன மாதம் லண்டன் ஸ்ட்ரெதம் நூலக மண்டபத்தில் திரைக்கதை பழக வந்த உங்களோடு பேசிக்கொண்டிருந்தபோது, முன்வரிசையில் இருந்த ஒரு பிள்ளை எழும்பி, "அங்கிள், திரைக்கதை எழுதுறதில ஆகக் கஷ்டமான விஷயம் என்ன?" என்று கேட்டது. நான் தொண்டையைச் செருமிக்கொண்டு பாத்திர வளர்ச்சி, கதைமுடிச்சு என்று ஏதோ பெரிதாகச் சொன்னேன். நீங்களும் மரியாதைக்குக் குறிப்பு எடுத்தீர்கள். வீட்டுக்குத் திரும்பும் பஸ்ஸில் இருந்து யோசித்தபோதுதான், நான் சொன்னது முழுக்க வாய்ப்பந்தல் என்று உறைத்தது. உண்மையான பதில் எனக்குத் தெரியும். சொல்ல வெட்கமாக இருந்ததால் மழுப்பிவிட்டேன். அந்தப் பக்கத்தைக் கிழித்துப் போட்டுவிட்டு இதை வைத்துக்கொள்ளுங்கள். இதுவும் மழுப்புவதைப் பற்றியதுதான். அந்தப் பழக்கம் ஒருமுறை ஒரு முழுப் படத்தையும் கவிழ்க்கப் பார்த்தது.

இரண்டாயிரங்களின் நடுப்பகுதி. அதற்கு முன் பதினொரு வருடம் நான் அகதி வழக்குகளுக்கு மொழிபெயர்ப்பாளனாக இருந்தவன். ஒருவர் தமிழில் சொல்வதை அப்படியே ஆங்கிலத்தில் சொல்லவேண்டும். கூட்டவும் கூடாது, குறைக்கவும் கூடாது. அந்தப் பதினொரு வருடத்தில் ஒரு சொல்லை மாற்றிச் சொன்னதில்லை. சினிமாவுக்கு வந்து நாலு மாதத்துக்குள் பொய் சொன்னேன்.

வந்த கதை இது. ஒரு சிறிய படக் கம்பனி, ஜெர்மனியில் இருபது வருடம் இருந்துவிட்டுப் பிள்ளைகளின் ஆங்கிலப் படிப்புக்காக லண்டனுக்கு வந்த ஒரு தமிழ்க் குடும்பத்தைப் பற்றிப் படம் எடுக்க வெளிக்கிட்டது. தகப்பன் நோர்பரியில் கடை போடுகிறார். ஒருநாள் பஸ்ஸின் மேல்தட்டில், முன் இருக்கையில் இருந்தபடியே இறந்துபோகிறார். தாய் கடையைத் தன் கையில் எடுக்கிறார். இவ்வளவுதான் கதை. அதை எழுத அமர்த்தப்பட்டவர் மெக்சிக்கோ நாட்டுப் பெண்மணி ஒருவர். வசனங்களைத் தமிழாக்க என்னைக் கூப்பிட்டார்கள். எங்கள் கதையை எழுத மெக்சிக்கோவில் இருந்தா ஆள் வரவேண்டும் என்று, இப்போது நீங்கள் சிரிப்பதுபோல நானும் சிரித்தேன்.

அவருடைய பெயரை எழுதப் போவதில்லை. தான் எழுதிய இரண்டு படங்களில், எடுத்து முடித்த விதம் பிடிக்காமல், தன் பெயரைத் தானே வெட்டச் சொன்னவர். நான் இங்கே பெயரைப் போட்டால் தேடி வந்து அடிப்பார். படத்துக்காக நாங்கள் போய்வந்த ஒரு நோர்பரிக் கடையில் எல்லோரும் அவரை மெக்சிக்கோ அக்கா என்றார்கள். என்னைவிட ஏழு வயது இளையவர் என்றாலும் நானும் அப்படியே சொல்லப் பழகிவிட்டேன். அவரும் அங்கே எல்லோரும் கூப்பிடுவதைக் கேட்டு என்னைத் தம்பி என்றார்.

மெக்சிக்கோ நகரத்தில் டிவி தொடர் எடுக்கும் கம்பனி ஒன்றில் தட்டெழுத்தாளராகத் தொடங்கியவர் அவர். எழுத்தாளர்கள் அறைக்குள் உலாவிக்கொண்டே வசனம் சொல்ல, இவர் தட்டுவார். நாளடைவில் அவர்கள் சொன்னதை விட்டுவிட்டுத் தனக்குச் சரியென்று பட்டதைத் தட்டத் தொடங்கினார். ஆறு மாதம் ஒருவரும் கவனிக்கவில்லை. நடிகர்கள் மட்டும், இப்போதுதான் வசனம் வாயில் நிற்கிறது என்றார்களாம். பிறகு ஒருநாள் ஒரு எழுத்தாளர் கோபித்துக்கொண்டு போக, மறுநாள் படப்பிடிப்புக்கு வசனப் பக்கம் இல்லை. நான் எழுதுகிறேன் என்று கதிரையை இழுத்துப் போட்டு இருந்தவர் ஒன்பது வருடம் எழும்பவில்லை. அதன்பின் சினிமா. அதில் ஒன்று வெளிநாடுகளிலும் ஓடியது. அதைப் பார்த்துத்தான் லண்டன் கம்பனி கூப்பிட்டது.

அவர் பேசியது ஸ்பானிய வாடை அடிக்கும் ஆங்கிலம். அதை எங்கள் பேச்சிலேயே எழுதுகிறேன். அவருக்கு அது நன்றாகப் பொருந்தும்.

ஸ்ட்ரெதமில் உடுப்புத் தோய்க்கும் கடைக்கு மேலே ஒரு அறை. அதுதான் எங்கள் அலுவலகம். முதல் நாள் அவர் தந்த பக்கங்களைத் தமிழாக்கிக் கொடுத்தேன். தமிழில் அவருக்கு ஒரு எழுத்தும் தெரியாது. ஆனால் இரண்டு தாள் கட்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தார்.

"உங்கட பக்கம் என்ர பக்கத்தின்ர பாதிதான் இருக்கு. ஏன்?"

"இந்த இடத்தில எங்கட ஆக்கள் கதைக்க மாட்டினம்," என்றேன்.

"புருஷனும் பெண்சாதியும் சண்டை பிடிக்கினம். கதைக்காமல் என்ன செய்வினம்?"

"அவ தேத்தண்ணி வைப்பா. அவர் குடிக்காமல் விடுவார். அதோட சண்டை முடிஞ்சுது."

என் முகத்தைக் கொஞ்சநேரம் பார்த்தார். பிறகு தன் நாலு பக்கத்தையும் கிழித்துக் கூடைக்குள் போட்டுவிட்டு, பக்கத்தில் இருந்த கதிரையைக் காட்டினார். "மொழிபெயர்க்கிறதை விடுங்கோ. இதில இருந்து எழுதுங்கோ."

அடுத்த திங்கட்கிழமையே மொழிபெயர்ப்பு வேலையை விடுகிறேன் என்று கடிதம் கொடுத்தேன். "நாப்பத்தேழு வயசில சினிமாவோ?" என்று மனைவி கேட்டாள். அவள் கேட்டது நியாயம். திரும்பிப் போக வழி வைக்காமல் இறங்கியிருந்தேன்.

மெக்சிக்கோ அக்காவுக்குச் சட்டம் என்று ஒன்றே ஒன்றுதான் இருந்தது. அது வந்த கதையையும் அவரே சொன்னார். அவருடைய தொடரில் ஊரே விரும்பிய ஒரு மாமா பாத்திரம். கம்பனி அந்த நடிகரை நிறுத்த முடிவெடுத்தது. இவர் மாமாவைக் கிணற்றுக்குள் விழுத்திவிட்டார். நடிகரிடம் ஒருவரும் சொல்லவில்லை. அவர் காலையில் வந்து தன் பக்கங்களைத் தேடியிருக்கிறார். உடுப்பு மடிக்கும் பெண்தான், ஐயா நீங்கள் நேற்றே கிணற்றுக்குள் விழுந்துவிட்டீர்களே என்றாளாம். அந்த வாரம் சந்தையில் மீன்காரி இவருக்கு மீன் விற்க மறுத்தாள். அந்த நடிகர் அவளிடம் மீன் வாங்குபவர். "மாமாவைக் கொன்றதுக்காக இல்லை," என்றாளாம் மீன்காரி. "அந்த மனுசனுக்கு நீ சொல்லேல்லை. அதுக்குத்தான்."

அன்றிலிருந்து சட்டம். "ஆரையும் கொல்லலாம், தம்பி. ஆனால் கொல்ல முதல் அந்த ஆளின்ர வீட்டுக்குப் போய், இருந்து, சாப்பிட்டு, முகத்தைப் பாத்துச் சொல்லவேணும்."

நான் தலையை ஆட்டினேன். நல்ல சட்டம் என்றுதான் பட்டது.

தகப்பன், தாய் பாத்திரங்களுக்குப் பல நடிகர்களைப் பார்த்தோம். ஒருவருக்கும் வெங்காய மூட்டை தூக்கத் தெரியவில்லை. நோர்பரியில் சிவம் அண்ணை என்று ஒருவர் உண்மையாகவே கடை வைத்திருந்தார். உண்மையாகவே ஜெர்மனியில் இருந்து வந்தவர். அவரும் அவருடைய மனைவி ராணி அக்காவும் ஒரு பூசணிக்காயை எந்தத் தட்டில் வைப்பது என்று பத்து நிமிடம் பிடுங்குப்பட்டதை மெக்சிக்கோ அக்கா பார்த்துக்கொண்டு நின்றார். "இவையள்தான்," என்றார். இயக்குநர் இளம் வெள்ளைக்காரப் பெடியன். அவருக்கும் பிடித்துவிட்டது. நடித்துப் பழக்கமில்லாதவர்களுக்கு முடிவு தெரிந்தால் அதை முகத்தில் வைத்துக்கொண்டே நடிப்பார்கள் என்று, அன்றன்றைய பக்கங்களை மட்டும் கொடுப்பது என்றார். அப்படியானால் சாவை மட்டுமாவது முதலே வாயால் சொல்லவேண்டும் என்றார் மெக்சிக்கோ அக்கா. அந்தப் பொறுப்பு என்னிடம் வந்தது.

முதல்முறை போனது ஒரு வெள்ளிக்கிழமை பின்னேரம். ராணி அக்கா அப்போதுதான் கோயிலால் வந்திருந்தார். வீடு முழுக்கச் சாம்பிராணி. எனக்குத் தேத்தண்ணி வைத்தார். அந்த வீட்டில் சீனி டின் இருக்கும் இடம் பெரிய இரகசியம். அண்ணைக்கு நீரிழிவு, அக்கா டின்னை இடம் மாற்றி மாற்றி ஒளிப்பார். அன்று அது செத்தல் மிளகாய்ப் பைக்குப் பின்னால் இருந்து வெளியே வந்தது. அண்ணை கதிரையில் சாய்ந்தபடி, கண்ணை மட்டும் எறிந்து இடத்தைக் குறித்துக்கொண்டார். படத்தில் நடிக்க இருவருக்கும் பெரிய சந்தோஷம். சாமிப் படத்துக்கு முன்னால் விளக்கு எரிகிறது. அந்த நேரத்தில், அண்ணை நீங்கள் செத்துப்போவீர்கள் என்று எந்த வாயால் சொல்வது? அடுத்தமுறை சொல்லலாம் என்று எழும்பினேன்.

அடுத்தமுறை போனபோது மகளுக்குப் பல்கலைக்கழக இடம் கிடைத்திருந்தது. வாசலிலேயே வாயில் லட்டைத் திணித்தார்கள். மூன்றாம்முறை, கடையில் புதுக் குளிர் அறை திறந்த நாள். தேங்காய் உடைத்த ஐயர்கூட இன்னும் போகவில்லை. எங்கள் ஆட்களிடம் சாவைப் பேச நல்ல நாள் பார்த்தால் பஞ்சாங்கத்தில் ஒரு நாளும் மிஞ்சாது, பிள்ளைகள்.

மெக்சிக்கோ அக்கா கேட்டார். "சொல்லியாச்சா, தம்பி?"

"ஓம்," என்றேன். "சொல்லியாச்சு."

ஏன் சொன்னேன் என்று இன்றைக்கும் யோசிக்கிறேன். இன்னும் இரண்டு நாளில் எப்படியும் சொல்லிவிடுவேன், இப்போது இவரை ஏன் வருத்தவேண்டும் என்று நினைத்தேன். எங்கள் பொய்கள் பெரும்பாலும் இப்படித்தான், யாரையும் ஏமாற்ற இல்லை, ஒரு முகம் வாடுவதைப் பார்க்கப் பயந்துதான்.

படப்பிடிப்பு தொடங்கிவிட்டது. பஸ் காட்சி வந்தது. "அண்ணை, முன் சீற்றில இருந்து நல்லா நித்திரை கொள்ளுங்கோ," என்றேன். அவர் அதிகாலையில் சந்தைக்குப் போய் வந்த மனுசன். உண்மையாகவே தூங்கிக் குறட்டை விட்டார். செத்தவர் குறட்டை விடுவதை நிறுத்த மூன்று தரம் எடுக்கவேண்டி வந்தது. எல்லோரும் சிரித்தார்கள், மெக்சிக்கோ அக்காவும்தான். எல்லாம் தெரிந்துகொண்டு எவ்வளவு நகைச்சுவையாக நடிக்கிறார் என்று அண்ணையைப் பாராட்டினார். நான் யன்னலால் வெளியே பார்த்தேன்.

அடுத்த வாரம் கலைப் பிரிவில் வேலை செய்த பெண் அண்ணையிடம் ஒரு நல்ல புகைப்படம் கேட்டாள். அவர் கோட் சூட் போட்டு, கழுத்தில் ரை கட்டி, ஸ்டுடியோவுக்குப் போய் எடுத்துக்கொண்டு வந்தார்.

"தம்பி, போஸ்டருக்கோ? பெரிசா அடிப்பினமோ?"

"ஓம் அண்ணை. பெரிசாத்தான்."

இனி அந்த நாளுக்கு வருகிறேன். அறுபத்திரண்டாம் பக்கம். முப்பத்தோராம் நாள் கிரியைகளும் முடிந்த பிறகு, ஜெர்மனியில் இருந்து பிந்தி வந்த உறவினர் பத்துப் பேர் துக்கம் விசாரிக்க வருகிறார்கள். வெள்ளைச் சேலையில் தாய், சுவரில் மாலை போட்ட படம். நோர்பரியில் வாடகைக்கு எடுத்த வீடு. அன்று பின்னேரம் ஐந்து மணி வரைக்கும்தான் அது எங்களுக்கு. மறுநாள் வேறு ஆட்கள் குடிவருகிறார்கள். படமே தங்கி நிற்பது அந்தக் காட்சியில்தான்.

செத்தவருக்கு அன்று வேலை இல்லை. ஆனால் சிவம் அண்ணை வெறும் கையோடு வீட்டில் இருக்கும் ஆள் இல்லையே. பத்தரை மணிக்குச் சாமான் ஏற்றும் தன் வானில், எல்லோருக்கும் சுடச்சுடப் பொரித்த ரோல்ஸ் எடுத்துக்கொண்டு வந்துவிட்டார். தட்டோடு உள்ளே வந்தவர் சுவரைப் பார்த்து நின்றார். சுவரில் அவர். பெரிதாகத்தான் அடித்திருந்தார்கள். கழுத்தில் மல்லிகை மாலை, கீழே சிவப்பு மின்விளக்கு.

"தம்பி, இது ஆர்?"

"நீங்கள்தான், அண்ணை."

"செத்துப் போனேனோ?"

"ஓம், அண்ணை."

"எப்ப?"

"அறுபத்தோராம் பக்கத்தில."

ஒரு ரோல்ஸை எடுத்துக் கடித்தார். மென்றுகொண்டே படத்தை இன்னொருதரம் பார்த்தார். "எப்பிடி?"

"பஸ்ஸில. ஹார்ட் அட்டாக்."

"பஸ்ஸிலயோ! நித்திரை எண்டல்லோ சொன்னனீர்?" அவருக்கு இப்போதுதான் கோபம் வந்தது. "என்னட்டச் சொந்த வான் நிக்குது, தம்பி. நான் ஏன் பஸ்ஸில சாகவேணும்?"

அவர் இரண்டாவது ரோல்ஸை எடுத்தார். பிறகு கை அப்படியே நின்றது. "ராணிக்குத் தெரியுமோ?"

தலை குனிந்தேன். நிமிர்ந்தபோது சமையலறை வாசலில் மெக்சிக்கோ அக்கா நின்றார். நாங்கள் பேசியது அவருக்கு விளங்கியிருக்காது. அண்ணையின் முகத்தைப் பார்த்தார், பிறகு என்னுடைய முகத்தை.

"சொல்லேல்லை," என்றார். அது கேள்வி இல்லை. ஏசியிருந்தால் எனக்கு எவ்வளவோ சுகமாக இருந்திருக்கும்.

இயக்குநர் மணிக்கூட்டைப் பார்த்தார். ராணி அக்கா மேல்மாடியில் ஒப்பனையில் இருக்கிறார். அவருக்குத் தெரிந்ததெல்லாம், இன்று விருந்தாளிகள் வரும் காட்சி என்பதுதான். அப்போது எனக்கு ஒரு யோசனை ஓடியது. நெருக்கடியில் முதலில் ஓடிவரும் யோசனையைக் கவனியுங்கள், அநேகமாக அது உங்கள் பழைய தவறின் தம்பியாகத்தான் இருக்கும். "வேற ஒரு கிழவரின்ர படத்தை மாட்டுவம்," என்றேன். "மாமனார் எண்டு அக்காவுக்குச் சொல்லுவம். பிறகு படத்தை மாத்தலாம்." இயக்குநரின் முகம் மலர்ந்தது.

"செய்யலாம்," என்றார் மெக்சிக்கோ அக்கா. "பிறகு ஒருநாள் தியேட்டரில தன்ர புருஷன்ர படத்துக்கு மாலை போட்டிருக்கிறதை அவ பாப்பா. அண்டைக்கு அவவுக்குப் பக்கத்தில ஆர் இருக்கிறது?" என்னைப் பார்த்தார். "மேல போங்கோ, தம்பி."

"ஓம், நீரே சொல்லும்," என்றார் சிவம் அண்ணை. "நான் சொன்னால் எனக்குத்தான் ஏச்சு விழும்."

பதின்மூன்று படிகள். எண்ணிக்கொண்டு ஏறினேன். மேலே உடுப்புப் பிரிவுப் பெண் வெள்ளைச் சேலையோடு நின்றாள். ராணி அக்கா அந்தச் சேலையைப் பார்த்துவிட்டு என்னைப் பார்த்தார். நான் மூச்சு விடாமல் முழுவதையும் சொன்னேன். பஸ், குறட்டை, போஸ்டருக்கு இல்லாத படம், மாலை, எல்லாம்.

அவர் படிப்பக்கம் எட்டிப் பார்த்தார். "இவர் கீழ நிக்கிறாரோ?"

"ஓம், அக்கா."

"படத்தைப் பாத்திட்டாரோ?"

"ஓம்."

"பாத்த பிறகு ரோல்ஸ் சாப்பிட்டவரோ?"

"ரெண்டு."

"அப்ப அவர் பயப்பிடேல்லை," என்றார். பிறகு, "உமக்கு எவ்வளவு காலமாத் தெரியும்?"

"நாலு மாசம்."

"நாலு மாசம்," என்றார். "என்ர வீட்டில வந்திருந்து தேத்தண்ணி குடிச்சுக்கொண்டு."

அந்த வரியை நான் மறக்கவில்லை. என் தொழில் வாழ்க்கையில் எந்த விமர்சகனும் அப்படி அடித்ததில்லை.

"தாலிக்கொடியில ஒருத்தரும் கை வைக்க விடமாட்டன். பொட்டும் அழிக்க மாட்டன். அது நடிப்பில்லை, தம்பி," என்று சொல்லிவிட்டுப் படியிறங்கினார். வீட்டுக்குத்தான் போகப்போகிறார், படம் முடிந்தது என்று நினைத்தேன். அவர் நேரே சுவரடிக்குப் போய், மாலையைக் கழற்றி ஒரு பைக்குள் சுருட்டி வைத்தார். விளக்கின் வயரைப் பிடுங்கினார். புருஷனை மேலும் கீழும் ஒருதரம் பார்த்தார். பிறகு சோபாவில் இருந்து, "இனிச் சொல்லுங்கோ," என்றார். "என்ன கதை இது? முழுக்கச் சொல்லுங்கோ."

மெக்சிக்கோ அக்கா அவருக்கு முன்னால் நிலத்தில் இருந்தார். தொடக்கத்திலிருந்து கடைசிவரை சொன்னார். நான் மொழிபெயர்த்தேன். கூட்டவும் இல்லை, குறைக்கவும் இல்லை. ராணி அக்கா இடையில் இரண்டு தரம் சிரித்தார். பஸ் இடத்தில் புருஷனைத் திரும்பிப் பார்த்தார். கதை முடிந்தபோது மணி பன்னிரண்டரை.

"நான் எழுதினதை விடுங்கோ," என்றார் மெக்சிக்கோ அக்கா. "ஆக்கள் வந்திருக்கினம். இந்த மனுசி இப்ப என்ன செய்வா?"

"பத்துப் பேர் வந்திருக்கினம் எண்டுறியள். அழ எங்க நேரம்? தேத்தண்ணி ஆர் போடுறது?" ராணி அக்கா யோசித்தார். "தேத்தண்ணி போடுவா. சீனி எடுப்பா."

"எங்கயிருந்து?"

"ஒளிச்சு வைச்ச இடத்தில இருந்து." கொஞ்சம் நிறுத்தினார். "பிறகு அதைத் திரும்ப ஒளிக்கத் தேவையில்லை. மேசையிலயே கிடக்கட்டும் எண்டு விட்டுடுவா."

கடையில் என்ன சாமான் முடிந்துவிட்டது என்று சொல்லும் குரலில்தான் சொன்னார். வாசலில் நின்ற சிவம் அண்ணை, கையில் இருந்த தட்டை மெதுவாகக் கீழே வைத்தார். எத்தனையோ பேருடைய துயரத்தைப் பதினொரு வருடம் குரல் தளம்பாமல் மொழிபெயர்த்தவன் நான். அந்த ஒரு வரியை ஆங்கிலத்தில் சொல்லி முடிக்க என்னால் ஏலவில்லை. இரண்டாம் தரம் சொல்லித்தான் முடித்தேன்.

மெக்சிக்கோ அக்கா எழும்பினார். "சுவரில படம் வேண்டாம். வெள்ளைச் சீலை வேண்டாம். பத்து ஆக்களும் வேண்டாம், மூண்டு பேர் போதும். எனக்கு ஒரு சீனி டின் வேணும்."

அந்த வாடகை வீட்டில் சீனி டின் இல்லை. ராணி அக்காவின் வீட்டில் இருக்கிறது, வானில் போனால் ஐந்து நிமிடம். "நான் எடுத்துக்கொண்டு வாறன்," என்றார் சிவம் அண்ணை. "எங்க இருக்கு?"

ராணி அக்காவுக்கு அன்றைய நாளில் ஆகப் பெரிய சோதனை அதுதான் என்று நினைக்கிறேன். சாவை ஏற்றுக்கொண்டவர் இதற்குத் தயங்கினார். "வொஷிங் மெஷினுக்குப் பின்னால," என்றார் கடைசியில். "இண்டைக்கு மட்டும்தான்." அண்ணை காற்றாய்ப் பறந்தார். திரும்பி வந்தபோது மீசையில் சீனி ஒட்டியிருந்தது. ஒருவரும் பார்க்காததுபோல இருந்தோம்.

தாலிக்கொடியை மறைக்க, கழுத்துவரை பொத்தான் போட்ட கார்டிகன் போதுமாக இருந்தது. பொட்டு அப்படியே இருந்தது. "இதை ஏன் அழிக்கேல்லை எண்டு உங்கட ஆக்கள் கேப்பினம். நீங்களே பதில் சொல்லுங்கோ," என்றார் மெக்சிக்கோ அக்கா. இன்றுவரை சொல்லிக்கொண்டிருக்கிறேன்.

மூன்றரைக்கு எடுத்தோம். ராணி அக்கா தேத்தண்ணி ஊற்றினார். மூலையில் குனிந்து டின்னை எடுத்தார். வந்தவர்களுக்குச் சீனி போட்டார். பழக்கத்தில் டின்னோடு இரண்டடி நடந்தார், நின்றார், திரும்பி வந்து மேசையில் வைத்தார். மூடியைக்கூடப் போடவில்லை. இரண்டே தரம்தான் எடுத்தது. சிவம் அண்ணை கேமராவுக்குப் பின்னால் நின்று கண்ணைத் துடைத்துக்கொண்டே என் காதில் சொன்னார். "தம்பி, நான் செத்தது நல்லதுக்குத்தான்."

சுவரில் மாட்டிய தன் படத்தை அவர் விடவில்லை. எடுத்துப்போய், கடையில் கல்லாவுக்கு மேலே மாலை இல்லாமல் மாட்டினார். கேட்பவர்களிடமெல்லாம், ஒருக்கால் செத்துப் பார்த்துவிட்டு வந்தனான் என்று சொல்வார்.

அந்தப் பிள்ளையின் கேள்விக்கு இதுதான் என் பதில். எழுதுவது கஷ்டம் இல்லை. எழுதினதை, அதனால் நோகப்போகிற ஆளின் முகத்துக்கு முன்னால் இருந்து சொல்வதுதான் கஷ்டம். சொல்லிப் பாருங்கள். நீங்கள் எழுதியதைவிட நல்ல காட்சி அநேகமாக அந்த ஆளிடம்தான் இருக்கும். நாலு மாதம் முன்னமே சொல்லியிருந்தால், அந்தச் சீனி டின் எனக்குச் சாவகாசமாகக் கிடைத்திருக்கும்.

ஆனால் மெக்சிக்கோ அக்கா அந்த நாளைப் பற்றி என்னிடம் ஒன்றும் பேசவில்லை. படப்பிடிப்பு முடிந்தது. தொலைபேசி அடிக்கவில்லை. ஒரு வாரம், இரண்டு வாரம், மூன்று வாரம். அவருடைய ஒரே சட்டத்தை உடைத்துவிட்டு, உடைக்கவில்லை என்று பொய்யும் சொன்னவன் நான். என்னோடு இனி ஏன் எழுதப்போகிறார்? பழைய வேலைக்குத் திரும்ப எடுப்பார்களா என்று கேட்டுக் கடிதம் எழுதி, உறைக்குள் போட்டு, முத்திரை ஒட்டாமல் வைத்திருந்தேன்.

நாலாம் வாரம் சனிக்கிழமை காலை கதவு மணி அடித்தது. மெக்சிக்கோ அக்கா. கையில் சிவம் அண்ணையின் கடைப் பை, உள்ளே ரோல்ஸ். வந்து இருந்தார். மனைவி தேத்தண்ணி வைத்தாள். ஒரு ரோல்ஸை ஆறுதலாகச் சாப்பிட்டு முடித்தார். என்னையும் சாப்பிட வைத்தார். பிறகு கதிரையை எனக்கு நேரே திருப்பி, முகத்தைப் பார்த்தார்.

"தம்பி, அடுத்த படம் ஒண்டு எழுதப்போறன். அதில ஒரு தமிழ் ஆள் வாறார். நல்ல மனுசன். ஆனால் மற்றவையின்ர மனம் நோகக்கூடாது எண்டு பொய் சொல்லுவார். நாப்பதாம் பக்கத்தில அவரைக் கொல்லவேண்டி இருக்கு. அதுதான் முதலே வந்து சொல்லுறன்."

சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்தது. மன்னித்துவிட்டேன் என்று சொல்லியிருந்தால்கூட எனக்கு அவ்வளவு விளங்கியிருக்காது.

"எப்பிடிச் சாகிறான்?" என்று கேட்டேன்.

"பஸ்ஸில."

என்னிடம் வான் இல்லை. மறுப்பதற்கு ஒரு காரணமும் இல்லை. திங்கட்கிழமை காலை ஒன்பது மணிக்கு, இரண்டு கதிரையையும் பக்கத்தில் பக்கத்தில் இழுத்துப் போட்டு, என்னைக் கொல்லும் வேலையை இருவரும் தொடங்கினோம்.